கண்மணிக்குள் மூன்று பேர்

மெகா வாங்கிய புதுக் கேமராவுக்கு அவன் பெற்ற பிள்ளையைவிடச் செல்லம் அதிகம். அதற்குத் தனிப் பெட்டி, உள்ளே பஞ்சு மெத்தை, ஈரம் அண்டாமலிருக்கப் பொட்டலம் பொட்டலமாக ஏதோ மணிகள். ஸ்டுடியோவுக்கு யார் வந்தாலும் அதைத் தூக்கிக் காட்டுவான். "பத்தடி தள்ளி நின்னு எடுத்தாலும் கழுத்துல இருக்கிற பூனைமுடியை எண்ணிடலாம்" என்பான். எண்ணி என்ன செய்வது என்று இதுவரை யாரும் கேட்டதில்லை. கேட்டிருந்தால் அவனிடம் பதில் இருந்திருக்காது, சொற்பொழிவு ஒன்று இருந்திருக்கும்.

மெகாபிக்சல் கணக்கையே பேசிப் பேசி வந்த பெயர் அது. நிர்வாணக் கலைப்படங்கள் எடுப்பவன். "கலை" என்பதை முதலில் சொல்லிவிட்டுத்தான் மற்றதைச் சொல்வான், மழை வருமுன்பே குடையை விரித்துக்கொண்டு கிளம்புகிறவன் மாதிரி.

அவன் படங்களைக் கம்ப்யூட்டரில் திருத்திக் கொடுப்பவளைத் தொழிலில் எல்லோரும் ரப்பர் என்பார்கள். அழிப்பதுதான் அவள் பிழைப்பு. அப்படி ஒருத்தி இருப்பது வெளியே தெரியக் கூடாது என்பது மெகாவின் ஏற்பாடு. காரணம், அவன் கண்காட்சி வாசலில் ஆளுயரத்துக்கு ஒரு பலகை நிற்கும்: "ஒரு புள்ளியும் திருத்தப்படாத உடல்கள்." அந்தப் பலகைக்கு எழுத்தும் வண்ணமும் பார்த்துக் கொடுத்தவளும் ரப்பர்தான்.

அவள் இந்த வேலைக்கு வந்தபோது டிஜிட்டல் கேமரா அப்போதுதான் ஃபிலிமை விரட்டிக்கொண்டிருந்தது. அன்றைய கேமராவில் மனிதத் தோல் மெழுகு பூசியது போல வரும். நிழல் விழுந்த இடமெல்லாம் சேறு. மெகா அதற்குக் "கனவுத்தன்மை" என்று பெயர் சூட்டினான். கேமராக்கள் கொஞ்சம் தேறின. தழும்பு தெரிந்தது, மச்சம் தெரிந்தது, இடுப்பில் பாவாடை நாடா பதிந்த தடம் தெரிந்தது. உடனே அவனுக்குக் கனவு கசந்து "தூய வடிவம்" இனித்துவிட்டது. எல்லாவற்றையும் அழி என்றான். ரப்பர் வருஷக்கணக்கில் அழித்தாள். குளியல் சோப்பு மாதிரி வழவழவென்ற உடல்கள் அவள் மேஜையிலிருந்து கிளம்பிக்கொண்டேயிருந்தன. ஒரு தடவை வேலை மும்முரத்தில் ஒருத்தியின் தொப்புளையும் சேர்த்து அழித்துவிட்டாள். அந்தப் படத்துக்குப் பரிசு கிடைத்தது.

பிறகு கைபேசிகளே தோலை வழித்துக் கொடுக்க ஆரம்பித்தன. தெருவில் போகிறவனெல்லாம் ஒரு தட்டில் சோப்பு உடம்பு செய்துகொண்டான். ஊரே செய்வதைக் கலைஞன் செய்யலாமா? மெகா இந்தப் பெரிய கேமராவை வாங்கினான். அன்றிலிருந்து "உண்மை"க்கு மாறினான். தோலின் துளை தெரிய வேண்டும், சுருக்கம் தெரிய வேண்டும், மயிர்க்கால் மயிர்க்காலாகத் தெரிய வேண்டும். ஆனால் உண்மை அவன் எதிர்பார்த்த அளவுக்கு உண்மையாக இல்லாத நாட்களில் ரப்பருக்குச் செய்தி வரும்: "தோள்ல கொஞ்சம் துளை வை. வயித்துத் தழும்பைத் தூக்கிக் காட்டு." பத்து வருஷம் அழித்த மச்சங்களை இப்போது அவள் ஒவ்வொன்றாகத் திரும்ப வைத்துக்கொண்டிருந்தாள்.

அந்த உண்மைக்கு வயதான உடம்பு ஒன்று தேவைப்பட்டபோதுதான் பேச்சு ரப்பரின் அண்ணியிடம் வந்தது.

ரப்பருடைய அண்ணன் கல்யாணமான சில வருஷங்களில் வேறொருத்தியோடு போய்விட்டான். போகும்போது தன் பெட்டியை மட்டும் எடுத்துக்கொண்டு, வாடகை வீட்டையும் தங்கையையும் மனைவி தலையில் வைத்துவிட்டுப் போனான். அண்ணிக்கும் நாத்தனாருக்கும் ஆகாது என்பார்கள். இவர்கள் சண்டை போடுவதென்றால் நடுவில் இழுக்க ஓர் ஆள் வேண்டுமே, அந்த ஆளே ஓடிவிட்டான். சேர்ந்தே இருந்துவிட்டார்கள். ரப்பரைப் படிக்க வைத்தவள் அண்ணி. ஓவியக் கல்லூரியில் மாணவர்கள் வரைவதற்காக உடையில்லாமல் அமர்ந்து அந்தச் சம்பளத்தில் படிக்க வைத்தாள். அதை அவள் மறைத்ததும் இல்லை, அதற்காக அழுததும் இல்லை. "உக்காந்த இடத்துல சம்பளம். அரிச்சா சொறியக் கூடாது, அவ்வளவுதான் கஷ்டம்" என்பாள்.

அவளுக்கு ஒரே ஒரு வழக்கம் உண்டு. மேடையில் ஏறி, அங்கியைக் கழற்றுவதற்கு முன்னால், அறையில் இருக்கும் ஒவ்வொருவர் முகத்தையும் பார்ப்பாள். அவசரப்பட மாட்டாள். வாங்கிய நோட்டு கள்ளநோட்டா என்று கடைக்காரர் வெளிச்சத்தில் பிடித்துப் பார்ப்பாரே, அப்படி. தலையைக் குனிந்துகொண்டவன் நிமிரும்வரை காத்திருப்பாள். கடைசி முகத்தையும் பார்த்த பிறகுதான் அங்கி இறங்கும்.

"என்னைப் பாக்கிறவங்களை மொதல்ல நான் பாத்துடணும்" என்பாள். "அப்புறம் நாப்பது பேர் இருந்தாலும் எனக்கு ஒண்ணுதான். நான் பாக்காத ஒருத்தன் அந்த ரூம்ல இருந்தா, அவன் திருடன்."

ஃபிலிம் காலத்தில் படக்காரர்கள் சிலருக்கும் அமர்ந்திருக்கிறாள். ஒரு சுருளில் கொஞ்சப் படம்தான். அதனால் ஒவ்வொன்றையும் யோசித்து எடுப்பார்கள். எடுக்குமுன் "இப்போ" என்பார்கள். 'டக்'கென்று சத்தம் கேட்கும். எடுத்தாயிற்று என்று அவளுக்கும் தெரியும்.

"மெகா எப்படிடீ?" என்று கேட்டாள், ரப்பர் விஷயத்தைச் சொன்னபோது.

"அலட்டல் கேஸு. ஆனா கை நீட்டுற ஆளு இல்ல அண்ணி. ரூம்ல அவன் ஒருத்தன்தான் இருப்பான், பேசிட்டேன்."

"இது அவன் வார்த்தையா, உன் வார்த்தையா?"

"என் வார்த்தை."

"அப்போ சரி."

மெகாவைத் தெரிந்த எவனும் அவன் வார்த்தையை நம்பி ஒரு டீ கூடக் குடிக்க மாட்டான். அண்ணி போனது ரப்பரை நம்பித்தான்.

போய்விட்டு வந்த அன்று அவள் சொன்னது இவ்வளவுதான்: "எதுக்க லாரி நிக்கிற மாதிரி ஒரு லைட்டு. அதுக்கு அந்தப் பக்கம் கும்மிருட்டு. அந்தக் கேமராவுக்குச் சத்தமே கிடையாது. மூச்சை உள்ள இழுக்கறப்போ எடுக்கறானா, விடறப்போ எடுக்கறானா, ஒண்ணும் புரியல. நான் பாட்டுக்கு உக்காந்திருந்தேன், அவன் பாட்டுக்கு அள்ளிக்கிட்டிருந்தான்."

அள்ளியதில் ஒன்றை மெகா தேர்ந்தெடுத்தான். அண்ணி முழங்கால்களைக் கட்டிக்கொண்டு, முட்டியில் தாடையை வைத்து நேராகப் பார்க்கும் படம். தொடருக்கு அவன் வைத்திருந்த தலைப்பு "தனிமை". சுவர் அளவுக்கு அச்சிடப் போவதாகச் சொல்லி, கூடவே ஒரு குறிப்பும் அனுப்பினான்: "வலது கண்ணுல ஒரு சிவப்பு நரம்பு இருக்கு. அதை இன்னும் கொஞ்சம் தெரியவை. வாழ்க்கை தெரியணும்."

ரப்பர் வாழ்க்கையைத் தெரியவைப்பதற்காகக் கண்ணைப் பெரிதாக்கினாள். திரை முழுக்க ஒரே விழி. கருமணியின் பளபளப்பில் அந்த லாரி விளக்கு ஒரு வெள்ளைச் சன்னல் போல நின்றது. அதன் ஓரத்தில் குனிந்த ஒரு கறுப்பு உருவம், மெகா. அதுவரைக்கும் சரி. அவனுக்குப் பின்னால், கொஞ்சம் தள்ளி, மூன்று சின்னச் சதுரங்கள் நீலவெள்ளையாக ஒளிர்ந்தன. தூசு என்று நினைத்து அழிக்கப் போனாள். இன்னும் கொஞ்சம் பெரிதாக்கினாள். ஒவ்வொரு சதுரத்துக்கும் மேலே ஒரு தாடை, கீழிருந்து வெளிச்சம் அடித்து. ஒரு தாடைக்கு மேலே தொப்பி.

தொப்பியை அவளுக்குத் தெரியும். பல் டாக்டர். மெகாவிடம் கட்டணம் கட்டிப் "பயிற்சி"க்கு வரும் மூன்று பேரில் ஒருவர். இன்னொருவர் டைல்ஸ் கடை முதலாளி, மூன்றாமவர் இன்சூரன்ஸ் கம்பெனி மேலாளர். மூவரிடமும் விலை உயர்ந்த கேமரா உண்டு. மூடியைக் கழற்றாமல் படம் எடுத்துவிட்டு, கேமரா கெட்டுவிட்டது என்று புகார் செய்யும் வகை. அன்று அவர்கள் கையில் கேமரா இல்லை. டேப்லெட் இருந்தது. மெகாவின் கேமரா என்ன பார்க்கிறதோ, அது கம்பியில்லாமல் அப்படியே அவர்கள் மடிக்குப் போய்க்கொண்டிருந்தது. இருட்டில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

மற்றப் படங்களையும் திறந்து பார்த்தாள். எல்லாக் கண்ணிலும் இருந்தார்கள். ஒன்றில் டைல்ஸ் கடைக்காரர் எதையோ மென்றுகொண்டிருந்தார்.

மறுநாள் காலை லேப்டாப்பைத் தூக்கிக்கொண்டு ஸ்டுடியோவுக்குப் போனாள்.

"சார், கண்ணுக்குள்ள மூணு பேர் இருக்காங்க."

"எந்தக் கண்ணுக்குள்ள?"

"எங்க அண்ணி கண்ணுக்குள்ள."

மெகா குனிந்து பார்த்தான். அவன் முகத்தில் முதலில் வந்தது பயமில்லை, பூரிப்பு.

"அடேங்கப்பா! லென்ஸைப் பாத்தியா? டாக்டர் ஷேவ் பண்ணாததுகூடத் தெரியுதே!"

"நீங்க ஒருத்தர்தான் இருப்பீங்கன்னு சொன்னீங்க."

"எடுத்தது நான் ஒருத்தன்தானே? அவங்க திரைக்கு அந்தப் பக்கம் இருந்தாங்க."

"திரை எங்க இருந்துச்சு?"

"இருட்டுதான்மா திரை." தான் சொன்னது அவனுக்கே பிடித்துப்போய், ஒரு நொடி அதை ரசித்தான். "இங்க பாரு, சொல்லியிருந்தா அந்த முகத்துல தனிமை வந்திருக்குமா? மூணு பேர் பாக்கறாங்கன்னு தெரிஞ்ச முகம் வேற, தெரியாத முகம் வேற. கலைக்கு எது தேவையோ அதைத்தான் பண்ணேன்."

"அவங்க கட்டின ஃபீஸும் கலைக்குத்தானா?"

"ரப்பர், உனக்கு இது ஜுஜுபி. துடைச்சிட்டு ஃபைலை அனுப்பு."

"ஒரு புள்ளியும் திருத்தப்படாத உடல்னு போர்டு வெச்சிருக்கீங்களே சார்."

"கண்ணு எப்படிம்மா உடம்புல சேரும்?" என்றான் மெகா. உண்மையாகவே கேட்டான்.

இவ்வளவு நியாயம் பேசியவள் நேராக வீட்டுக்கு வந்து அண்ணியிடம் சொல்லியிருக்க வேண்டும். மேஜையில் போய் உட்கார்ந்து அழித்தாள். யாரும் கழுத்தில் கத்தி வைக்கவில்லை. மாதம் பிறந்தால் வேலை அவனிடமிருந்து வரும், அது ஒன்று. கை பழகிவிட்டது, அது இன்னொன்று. டாக்டரை எடுத்தாள், டைல்ஸை எடுத்தாள், இன்சூரன்ஸை எடுத்தாள். அந்த இடங்களில் நல்ல இருட்டை நிரப்பினாள். சிவப்பு நரம்பையும் மறக்காமல் தூக்கிக் காட்டினாள். வேலை சுத்தமாக இருந்தது. அதுதான் கேவலம்.

சுத்தமான அந்தக் கண் அவளைச் சும்மா விடவில்லை. சாப்பிடும்போது அண்ணி நிமிர்ந்து பார்த்தால் இவள் தட்டைப் பார்த்தாள். அண்ணி வாயைத் திறந்து கேட்குமுன் சொல்லிவிடுவது நல்லது என்று பட்ட அன்று, அண்ணி தன் அங்கியை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். ரப்பர் லேப்டாப்பைத் திறந்து அசல் படத்தைக் காட்டினாள். சொல்ல வேண்டியதைச் சொன்னாள்.

அண்ணி இஸ்திரிப்பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டு, மூக்கு திரையில் படுமளவுக்குக் குனிந்து பார்த்தாள்.

"இவன் என்னடீ, மென்னுக்கிட்டிருக்கான்?"

"அது வேற படம். இதுல மெல்லல."

"மடப்பயலுங்க." அவள் குரலில் கோபத்தைவிடச் சலிப்புதான் இருந்தது. "கேட்டிருந்தா சரின்னு சொல்லியிருப்பேனே. மூணு ஸ்டூல் போட்டு எதுக்க உக்கார வெச்சிருந்தா, மூஞ்சியைப் பாத்துட்டு அங்கியைக் கழட்டியிருப்பேன். இலவசமா வாசல்ல கிடைக்கிறதை எதுக்குடா சுவரேறிக் குதிச்சுத் திருடறீங்க?"

ரப்பருக்கு மூச்சு வந்தது. சிரிக்கக்கூடப் பார்த்தாள்.

"நீ எப்போ பாத்தே?" என்றாள் அண்ணி.

"போன வாரம்."

"அவன் அழிக்கச் சொல்லியிருப்பானே."

"சொன்னான்."

"அழிச்சிட்டியா?"

ரப்பர் லேப்டாப்பின் மூடியைப் பாதி இறக்கினாள். பிறகு "அழிச்சேன். ஆனா அசல் இருக்கு அண்ணி, அதை வெச்சிருக்கேன்" என்றாள்.

"மொதல்ல அழிச்சே. அப்புறம்தான் சொல்ல வந்தே." அண்ணி இஸ்திரிப்பெட்டியைத் திரும்ப எடுத்தாள். "அந்த மூணு பேரும் எனக்கு யாரோ."

அங்கியின் கையை மடித்து, நீவி, தேய்த்தாள். முடித்த பிறகு மெகாவைப் போனில் அழைத்தாள்.

"ஞாயித்துக்கிழமை காலைல அந்த மூணு பேரையும் ஸ்டுடியோவுக்கு வரச் சொல்லு. நீயும் இரு... எதுக்கா? சும்மா உக்காரத்தான். ஒரு போஸ் நேரம்... வரலைன்னா ஒண்ணும் பண்ண மாட்டேன். அழிக்காத படத்தைக் கையில புடிச்சிக்கிட்டு உன் போர்டு பக்கத்துல நிப்பேன், அவ்வளவுதான்."

வந்தார்கள். டாக்டர் தொப்பியோடு, டைல்ஸ் சென்ட் மணக்க, இன்சூரன்ஸ் ஏதோ கூட்டத்துக்குத் தலைமை தாங்க வந்தவர் போலக் கோட்டு போட்டுக்கொண்டு. போன தடவை அண்ணி அமர்ந்திருந்த இடத்தில் ஸ்டூல்கள் வரிசையாக இருந்தன. எதிரே ஒரு நாற்காலியில் அண்ணி, சாதாரண வீட்டு உடையில், கையை மடியில் வைத்துக்கொண்டு. விளக்கு இரண்டு பக்கமும் படும்படி திருப்பப்பட்டிருந்தது. அதைத் திருப்பியவள் ரப்பர்.

"மேடம், எங்களுக்குச் சத்தியமா தெரியாது. சார்தான் உங்ககிட்ட சொல்லிட்டேன்னு..." என்று டாக்டர் ஆரம்பித்தார்.

"வாயை அசைக்கக் கூடாது. போஸ் கெட்டுடும்" என்றாள் அண்ணி. "நீங்க சொல்றதுதானே டாக்டர், வாயை ஆட்டாதீங்கன்னு?"

"மேடம், சட்டை...?" என்றார் டைல்ஸ், மேல் பொத்தானைப் பிடித்துக்கொண்டு, கலக்கத்தோடு.

"ஐயோ, வேணாம். அதைப் பாக்க யார் ஃபீஸ் கட்டுவா?"

மெகாவுக்குக் கை பரபரத்தது. "இதை எடுத்துக்கட்டுமா? இந்த டென்ஷன் அற்புதமா இருக்கு..."

"நீயும் உக்காரு."

அவனும் உட்கார்ந்தான். பிறகு அண்ணி டாக்டரிலிருந்து ஆரம்பித்தாள். பார்த்தாள். முறைக்கவில்லை, திட்டவில்லை. நோட்டை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள், அவ்வளவுதான். டாக்டர் முதலில் தொப்பியைச் சரிசெய்தார், அப்புறம் கழற்றினார், அதை எங்கே வைப்பது என்று தெரியாமல் திரும்பப் போட்டுக்கொண்டார். டைல்ஸுக்கு மூக்கு அரித்தது. இன்சூரன்ஸின் போன் ஒலித்தது. அதை எடுக்கப் போன கை அண்ணியின் கண்ணைப் பார்த்துவிட்டுப் பாதியில் நின்றது. ஊரில் உள்ள பொம்பளை உடம்பின் ஒளியையும் நிழலையும் மணிக்கணக்கில் அலசக்கூடிய மனிதர்கள், தங்கள் மூஞ்சியை ஒருத்தி பார்ப்பதை ஒரு டீ ஆறும் நேரத்துக்குத் தாங்க முடியாமல் நெளிந்தார்கள். மெகா கண்ணை மூடிக்கொண்டு தியானம் போல ஏதோ செய்து பார்த்தான். அவன் திறக்கும்வரை அண்ணி காத்திருந்தாள்.

வரிசையின் கடைசியில் ஒரு ஸ்டூல் காலியாக இருந்தது. ரப்பர் விளக்குச் சுவிட்சுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தாள். யாராவது வராமல் போய்விட்டார்களோ என்று எண்ணிப் பார்த்தாள். எல்லோரும் வந்திருந்தார்கள்.

"நீ என்ன நின்னுக்கிட்டிருக்கே?" என்றாள் அண்ணி.

ரப்பர் போய் உட்கார்ந்தாள். வீட்டில் ஆயிரம் தடவை பார்த்த கண்கள்தான். காய்ச்சலில் பார்த்தவை, பரீட்சை முடிவு வந்த அன்று பார்த்தவை. அந்தப் பார்வைகளில் ஒன்று வரும் என்று எதிர்பார்த்தாள். வரவில்லை. டாக்டரைப் பார்த்ததுபோலவே, கூடாமல் குறையாமல், அண்ணி அவளைப் பார்த்து முடித்தாள்.

"சரி, எழுந்திருங்க" என்றாள் எல்லோருக்குமாக. மெகாவிடம் தனியாகச் சொன்னாள்: "படத்தைப் போட்டுக்கோ. அழிக்காம போடு."

கண்காட்சி திறந்தது. படம் அழிக்கப்படாமல் தொங்கியது. ஆனால் மெகா அதற்குள் அதன் கீழே புதிதாக ஒன்று எழுதி ஒட்டியிருந்தான்: "பார்ப்பவனையும் பார்க்கும் கண். உற்றுப் பாருங்கள், தனிமைக்குள் கூட்டம் இருக்கிறது." வெட்கங்கெட்டவன் முதுகில் ஆலமரம் முளைத்தால் அதுவும் நல்ல நிழல்தான் என்பானாம். ஜனங்கள் வரிசையில் நின்று மூக்கு உரசப் பார்த்தார்கள். அந்த மூன்று முகங்களையும் அங்கே நிறுத்தியது எவ்வளவு நுட்பமான திட்டம் என்று ஒரு விமர்சகர் மெகாவின் கையைப் பிடித்துக் குலுக்கினார். பல் டாக்டர் தன் மனைவியைக் கூட்டிவந்து, கண்ணுக்குள் விரலை நீட்டி, "இதோ, இது நான்தான்" என்று காட்டினார்.

கூட்டத்தில் ஒரு பெண் ரப்பரைத் தேடி வந்தாள். அவளும் படமெடுப்பவள். இன்னமும் ஃபிலிமில் எடுப்பதாகவும், இந்த அம்மாவை எடுக்க ஆசைப்படுவதாகவும் சொன்னாள். ரப்பர் வழக்கம்போல "நான் பேசிட்டுச் சொல்றேன்" என்றாள்.

வீட்டுக்கு வந்ததும் டாக்டர் கதையைத்தான் முதலில் சொன்னாள். அண்ணி கண்ணில் நீர் வருமளவுக்குச் சிரித்தாள். சிரித்துக்கொண்டே டீயை நீட்டினாள். அந்தச் சிரிப்பைப் பார்த்துத் தைரியம் வந்து, ரப்பர் அந்தப் பெண்ணைப் பற்றிச் சொன்னாள்.

"நல்லவங்களாத்தான் தெரியறாங்க அண்ணி. நான் எல்லாம் பேசி..."

"நம்பரைக் குடு. நானே பேசிக்கறேன்."

"நான் கூட வந்து பாத்துக்கறேனே."

"வேணாம்டீ. நீ பாத்துக்கிட்டது போதும்."

கோபமில்லாமல்தான் சொன்னாள். டீக்குச் சர்க்கரை போதுமா என்று கேட்கும் அதே குரல். ரப்பர் எண்ணைப் படித்தாள். அண்ணி அதைத் தன் போனில் அழுத்திக்கொண்டே உள்ளறைக்குப் போய்க் கதவைச் சாத்தினாள். அந்த வீட்டில் பகலில் அந்தக் கதவைச் சாத்தி ரப்பர் பார்த்ததில்லை.

உள்ளேயிருந்து குரல் கேட்டது. "வணக்கம்மா. வரேன், வர்றதைப் பத்தி ஒண்ணுமில்ல. ரூம்ல மொத்தம் எத்தனை பேர் இருப்பீங்க?"